எட்டாத முதுகு

அன்புள்ள சைராவுக்கு, சலாம். நீயும் பிள்ளைகளும் சுகம்தானே? குதிரைக்கு இருமல் நின்றதா? ஓஷ் நகரப் பிணவறை வேலையில் நான் இன்னும் கொழுத்துத்தான் போயிருக்கிறேன்.

நேற்று ஒரு மேய்ப்பரின் உடல் வந்தது. முதுகில் கத்திக்குத்து.

"தானே குத்திக்கிட்டான்னு எழுதிடுங்க டாக்டர்" என்றார் போலீஸ்காரர். தற்கொலை என்றால் அடக்கத் தொழுகை நடத்த மாட்டேன் என்று முல்லா சொல்லிவிட்டாராம். மேய்ப்பரின் மனைவி வாசலில் அழுதுகொண்டிருந்தாள்.

டாக்டர் அய்னுரா என்னிடம் ஒரு மரக்கரண்டியைக் கொடுத்தார். "அண்ணே, இதைக் கத்தியா நெனச்சு உங்க முதுகுல அதே இடத்தைத் தொடுங்க."

வாலைத் துரத்தும் நாய்போலச் சுற்றினேன். இரண்டு பொத்தான் தெறித்ததுதான் மிச்சம்.

"இவரு குண்டு, எப்படி எட்டும்?" என்று போலீஸ்காரர் சிரித்தார்.

"நீங்க ஒல்லிதானே, தொடுங்க பாப்போம்" என்று டாக்டர் கரண்டியை அவரிடம் நீட்டினார்.

அவருக்கும் எட்டவில்லை, கால்சட்டைதான் கிழிந்தது.

"உள்ளங்கையிலயும் வெட்டு இருக்கு. கத்தியைத் தடுத்திருக்காரு. இது கொலை" என்று டாக்டர் எழுதினார்.

இனி தொழுகை உண்டு என்றதும், அத்தனை துக்கத்திலும் அந்த அம்மாள் என் கையைப் பிடித்து நன்றி சொன்னாள். கை எட்டாததற்கு நன்றி வாங்கியவன் நான் ஒருவன்தான்.

சந்தை லாரியில் பொத்தானும் முதுகு சொறியும் கட்டையும் அனுப்பு. அந்த இடம் நேற்றிலிருந்து அரிக்கிறது, சொறிந்துவிட இங்கே யார் இருக்கிறார்கள்?

அடுத்த பிணவண்டி வந்துவிட்டது. கை கழுவிவிட்டுத்தான் எழுதினேன், பயப்படாதே.

உன் தோக்தோ