ஒன்பது துண்டுச் சட்டை

அன்பு மகனுக்கு அம்மா எழுதுவது. இங்கே நான், அப்பா, அத்தை மூவரும் நலம், தையல் மிஷின் இரண்டும் நலம், அப்பாவின் முழங்கால் மட்டும் படியேறும்போது முணுமுணுக்கிறது. நீயும் வேளைக்குச் சாப்பிட்டுச் சுகமாக இருப்பாய் என்று நம்பிக்கொண்டுதான் எழுத உட்கார்ந்தேன். போனிலேயே சொல்லியிருக்கலாமே என்பாய். போனில் இரண்டாவது நிமிடமே நீ சரிம்மா சரிம்மா என்று ஆரம்பித்துவிடுவாய், இது அதற்குள் அடங்குகிற கதை இல்லை.

போன மாதம் கடையில் வேலை குறைந்துவிட்டது. அத்தை ஆயத்த ஆடைக் கம்பெனியில் சேரப்போவதாகச் சொல்லி, தன் மிஷினைத் துடைத்து உறை போட்டு மூடியும் வைத்துவிட்டாள். அப்பாவுக்குத் தங்கை என்று பெயர்தானே தவிர, பதினாறு வருடமாக என் முதுகுக்குப் பின்னால் உட்கார்ந்து தைப்பவள், அந்தச் சத்தம் இல்லாவிட்டால் எனக்கு ஊசியில் நூல்கூடக் கோக்க வராது. நல்லவேளையாக ஒரு திங்கட்கிழமை பக்கத்துத் தெருப் பள்ளித் தலைமையாசிரியை வந்து, சீருடைச் சட்டையை மாற்றப்போகிறோம், மாதிரி காட்டுங்கள் என்றார். அந்த வேலை கிடைத்தால் வருடம் முழுக்க இரண்டு மிஷினும் ஓடும், அத்தையும் எங்கேயும் போக வேண்டாம். விடுவேனா. காலர் நான்கு விதம், கை மூன்று விதம், பாக்கெட் வைத்தது வைக்காதது என்று இரண்டு, "எப்படியெல்லாம் வருமோ அத்தனையும் தைச்சு சனிக்கிழமை கொண்டு வரேன் மேடம், ஒம்பது சட்டைதானே" என்று சொல்லிவிட்டேன். அவரும் முன்னாள் கணக்கு டீச்சர்தான், அவருக்கும் உறைக்கவில்லை, சரி என்று போய்விட்டார். ஆளுக்கு நாளொன்றுக்கு ஒரு சட்டை என்றாலும் ஐந்து நாளில் பத்து தைக்கலாம், ஒன்று மிச்சம்கூட வரும் என்று அத்தையின் மிஷின் உறையை நானே உருவிப் போட்டேன்.

ஒவ்வொரு சட்டையிலும் குத்த அத்தை சீட்டு எழுத ஆரம்பித்தாள். வட்டக் காலர் அரைக்கை, பாக்கெட்டோடு ஒன்று, இல்லாமல் ஒன்று. வட்டக் காலர் முக்கால் கை, அதே போல இரண்டு. முழுக்கைக்கு இரண்டு. வட்டக் காலருக்கே ஆறு சீட்டு தீர்ந்துவிட்டது, இன்னும் மூன்று காலர் பாக்கி. "அண்ணி, இது ஒம்பதுல நிக்காது போலிருக்கே" என்றாள். நான் ஒத்துக்கொள்ளவில்லை, நான்கும் மூன்றும் இரண்டும் ஒன்பதுதான் என்று சத்தியம் பண்ணாத குறை. பேருந்து ஓட்டிவிட்டு வந்த உன் அப்பாவைப் பஞ்சாயத்துக்குக் கூப்பிட்டோம், அதுதான் நான் செய்த இரண்டாவது தப்பு. "டிப்போவுலேருந்து பாலத்துக்கு நாலு ரோடு, பாலத்துலேருந்து ஸ்டேஷனுக்கு மூணு ரோடு. எந்த ரோட்டுல வந்து பாலத்தைத் தொட்டாலும் அங்க மறுபடி மூணு ரோடு நிக்குதுல்ல, அப்ப பன்னெண்டு வழி. பாக்கெட்டால அது ரெண்டு மடங்கு. இருபத்துநாலு சட்டை தை போ" என்று சிரித்தாரே ஒரு சிரிப்பு, முழங்கால் வலி எங்கே போனதோ தெரியவில்லை. அத்தை சிரிக்கவில்லை. உருவிய உறையை எடுத்து மடித்து மடியில் வைத்துக்கொண்டாள். அதைப் பார்த்ததும் எனக்கு அழுகையே வந்துவிட்டது.

புதன்கிழமை வரை கோபத்திலேயே தைத்தேன். காலர் சரியாக உட்காருகிறதா என்று வெறும் உடம்புத் துணியில் குண்டூசி குத்திப் பார்த்துக்கொண்டிருந்தபோது காலர் கழன்று விழுந்தது. அங்கேயே வேறொரு காலரை வைத்தேன். அதே உடம்பு வேறு சட்டையாகிவிட்டது. பிறகென்ன, உடம்பு ஒன்று தைத்து, கழுத்திலும் தோளிலும் மார்பிலும் பிரஸ் பட்டன் வைத்தோம். காலர் நான்கு, கை மூன்று ஜோடி, பாக்கெட் ஒன்று, வேண்டாதவர்கள் கழற்றிக்கொள்ளட்டும். உடம்பையும் சேர்த்து எண்ணிப் பார், கை ஜோடியை ஒன்றாக வைத்தால் மொத்தம் ஒன்பது. உன் அப்பாவிடம் மூன்று முறை எண்ணிக் காட்டினேன்.

சனிக்கிழமை பள்ளியில் டீச்சர்கள் எல்லாரும் கூடி ஒரு மணி நேரம் கழற்றுவதும் மாட்டுவதுமாகச் சின்னப் பிள்ளைகள் போல விளையாடினார்கள். இருபத்துநான்கையும் பார்த்துவிட்டுக் கடைசியில் எதைப் பிடித்தார்கள் தெரியுமா, இப்போது போடுகிற அதே வட்டக் காலர் அரைக்கைதான், பாக்கெட் மட்டும் புதிது. போகட்டும், வேலை நமக்குத்தான். அத்தை அந்த உறையைக் கிழித்துக் கரித்துணி ஆக்கிவிட்டாள்.

உனக்கும் ஒரு சட்டை தைத்து அனுப்பலாம் என்று துணி எடுத்துவைத்து, அளவு நோட்டைப் பிரித்தேன். உன் பக்கம் நான்கு வருடம் பழசு. தெருவில் பாதிப் பேரின் தோள் அளவு எனக்கு மனப்பாடம், நான் பெற்ற பிள்ளையின் கழுத்தளவு தெரியவில்லை. நீயே அளந்து எழுதி அனுப்பாதே, தன் அளவைத் தானே எடுத்தால் கோணலாகத்தான் வரும், எந்தத் தையல்காரரைக் கேட்டாலும் சொல்வார். லீவு கிடைத்ததும் வந்து என் முன்னால் நேராக நில், மற்றதை நான் பார்த்துக்கொள்கிறேன்.

நோய்நொடி இல்லாமல் நன்றாக இரு. போகிற இடமெல்லாம் நல்ல பெயர் எடு. மேல்சட்டைப் பட்டன் விழுந்தால் ஊக்கு குத்திக்கொண்டு வேலைக்குப் போகாதே, உன் பெட்டியின் ஓரப்பையில் ஊசியும் நூலும் வைத்திருக்கிறேன்.

துணியை வெட்டாமல் வைத்திருக்கும்
உன் அம்மா