நாலாவது இலை

ஆடி 5, திங்கள்
காலையிலிருந்து காற்று. ஊடெல்லாம் புழுதி.
சேலத்திலிருந்து பாத்திமா அம்மணி வந்தது. கல்யாணப் பந்தி பற்றி ஆவணப்படம் எடுக்கிறார்களாம், அதற்குப் பழைய வீடியோ தேடித் தருவது அதன் வேலை. கல்யாண வீடியோக்காரருக்கு இருபது வருடம் லைட் பிடித்தவன் நான். அவர் போன பிறகு கேசட்டெல்லாம் என் பரணில்.
சாப்பிடுகிறவர்கள் யார் யார் என்று தாளில் குறிக்கணும். பெயர், ஊர், இருக்கிறார் அல்லது காலமானார். இருப்பவரிடம் சம்மதம் வாங்கணுமாம்.
"நான் எழுதட்டுங்களா தாத்தா?"
"நானே எழுதறேன் அம்மணி. போன வருசந்தான் எழுதப் படிச்சேன். கை சும்மா இருக்க மாட்டேங்குது."
பதினாறு பெயர். 'ழ' நன்றாக வந்தது.
கேசட் 3. நாலாவது இலையில் என் தம்பி பழனி. இடது கையால் தின்கிறான், அப்பா அடித்தும் திருந்தாத கை. காலமானார் என்று எழுதினேன். போர்வெல் போடும் ரிக் லாரியோடு வடக்கே போனவன், பெட்டியில் வந்தான். முகம் பார்க்கும்படி இல்லை. சட்டையை வைத்துத்தான் அவன் என்று அடையாளம் சொல்லிக் கொள்ளி வைத்தேன்.

ஆடி 6
தலைக்குத் தேங்காய் எண்ணெய் வாங்கணும். கேசட்டில் பூஞ்சை, அம்மணி பஞ்சால் துடைக்கிறது.
கேசட் 11. மேலே ஒட்டியிருப்பதை நானே வாசித்தேன். ராசிபுரம், மாணிக்கம் மகன் கல்யாணம். கடைசி வரிசையில் ஒருத்தன், இடது கை.
"நேத்துப் பாத்தவருங்களா?"
"இருக்காது அம்மணி. இது அவன் செத்து ரெண்டு வருசம் கழிச்சு நடந்த கல்யாணம்."
டீ போடப் போனேன். அடுப்பைப் பற்ற வைக்காமலே நின்றிருக்கிறேன்.
பெயர் கட்டத்தில்: தெரியவில்லை.

ஆடி 8
14, 17. இரண்டிலும் இருக்கிறான். மற்றவர்கள் லைட் பட்டால் கண்ணைச் சுருக்குகிறார்கள். இவன் நேராக லைட்டைப் பார்க்கிறான். அந்த லைட்டைப் பிடித்திருந்தது நான்.
என் ஊட்டுக்காரி முறத்தோடு வந்து பார்த்தாள். பழனிதான் என்றாள். முறத்தைக் கீழே வைத்துவிட்டு, "அப்ப நாம எரிச்சது யாரைங்க?"
அம்மணி கம்ப்யூட்டரை மூடிவிட்டது.

ஆடி 9
காற்று நின்றுவிட்டது.
கடைசி கேசட். என் மகள் கல்யாணம், பழனி போன பிறகு நடந்தது. அன்று லைட்டுக்கு வேறு ஆள், நான் ரச வாளியோடு பந்தியில். பரிமாறுகிறவன் இலையைத்தான் பார்ப்பான். நாலாவது இலை, அதன் மேல் ஒரு இடது கை, போதும் என்று. அவன் நிமிர்ந்து என் முகத்தைப் பார்க்கிறான். வாய் அசைகிறது. நான் ஐந்தாவது இலைக்குப் போகிறேன்.
"சத்தம் கூட்டு அம்மணி."
"நாயனந்தானுங்க தாத்தா கேக்குது."
மூன்று தடவை ஓட்டச் சொன்னேன். நாயனம்தான்.
முதல் நாள் தாளை எடுத்து 'காலமானார்' மேல் ரப்பர் போட்டேன். தாள் கிழிந்தது. புதுத்தாளில் பழனி, நம்ம ஊர் என்று எழுதினேன். மூன்றாவது கட்டம் காலி. அம்மணி அதை வாங்கிக்கொண்டு, பஸ்ஸுக்கு நேரமாச்சு என்று கிளம்பியது.
மதியம் எங்கள் இரண்டு பேருக்கு ஊட்டுக்காரி மூன்று தட்டு வைத்தாள். மூன்றாவது தட்டில் ரசம் ஊற்றினேன். இந்த முறை நிமிர்ந்து பார்த்தேன்.