வாங்க மறுத்தவர்

மார்ச் 5, 2024
என் மகள் முத்துமீனாவை நான் வீட்டைவிட்டு விரட்டினேன் என்று கோரிப்பாளையம் முழுக்கப் பேச்சு. தவறு. 2022 டிசம்பரில் கல்யாணம் செய்துகொண்டு அவளாகத்தான் போனாள். திரும்பி வந்து நின்றபோது நான் கதவைத் திறக்கவில்லை. இரண்டும் ஒன்றல்ல.

மார்ச் 9
இம்மானுவேல் என்று ஒரு வக்கீல் வந்தார். முத்துமீனா அனுப்பியவர். அவள் வரவில்லை.

தாலுகா அலுவலக வேலையிலிருந்து அவளை நீக்கிவிட்டார்களாம். கர்ப்பத்தில் ரத்தப்போக்கு, படுத்த படுக்கை. மருத்துவ விடுப்பு எழுதி அனுப்பியிருக்கிறாள், ஆனால் அலுவலகப் பதிவில் முகவரியை மாற்றவில்லை. மருத்துவக் குழு முன் வரச்சொல்லி ஒரு கடிதம், பிறகு குற்றச்சாட்டு, விசாரணை அறிவிப்பு, கடைசியில் நீக்க ஆணை. நான்கும் பழைய முகவரிக்கு. அதாவது, என் வீட்டுக்கு.

"நாலு உறையும் ஆபீஸ் ஃபைல்ல இருக்கும்மா. 'வாங்க மறுத்துவிட்டார்'னு எழுதி."

பேரன் பிறந்து நான்கு மாதம். அதையும் அவர்தான் சொன்னார். வந்தவருக்குத் தண்ணீர்கூடக் கொடுக்கவில்லை நான்.

மார்ச் 10
ஆமாம். மறுத்தது நான்தான். நான்கு தடவை. அரசு முத்திரையைப் பார்த்த பிறகும்.

தபால்காரர் சுருளி முதல் தடவையே கேட்டார்: "வீடு மாறிப் போயிட்டாங்கன்னு எழுதிரவாம்மா? யாருக்கும் வம்பில்ல."

"பொய் எழுதக் கூடாது. வாங்க மறுத்தார்னு எழுதுங்க."

நான் கான்வென்ட்டில் படித்தவளாம். பொய்யை அனுமதிக்க மாட்டாளாம்.

வீடு மாறிவிட்டார் என்றிருந்தால், கடிதம் சேரவில்லை என்று வாதாடலாமாம், வக்கீல் சொன்னார். மறுத்தால் சேர்ந்ததாகவே கணக்காம். சரி, நான் எழுத வைத்தது மட்டும் உண்மையா? மறுத்தது அவளா?

மார்ச் 12
சுருளி தெருவில் வந்தார். உள்ளே போய்விட்டேன்.

மார்ச் 14
இம்மானுவேல் மறுபடி வந்தார். காப்பி கொடுத்தேன்.

"நேரா ஹைகோர்ட்டுக்குப் போனா, மேலதிகாரிக்கு அப்பீல் போட்டீங்களான்னுதான் முதல்ல கேப்பாங்க." அதற்கு இரண்டு மாதக் கெடு. தாண்டிவிட்டது. தாமதத்தை மன்னிக்கக் கேட்க என் பிரமாண வாக்குமூலம் வேண்டும். அவரே எழுதி வந்திருந்தார்: 'முதுமையாலும் அறியாமையாலும் உறைகளைத் திருப்பி அனுப்பிவிட்டேன்.'

அந்த வரியை அடித்தேன். "எனக்கு எழுபத்து நாலு வயசு. ஞாபகம் நல்லா இருக்கு. அறியாமையும் இல்ல."

"உங்க மரியாதைக்காகத்தாம்மா..."

"என் மரியாதை அவ வேலையவிடப் பெருசா, தம்பி?"

நானே எழுதினேன். மாப்பிள்ளை வீட்டார் எங்கள் வயலில் நாற்று நட்டவர்கள். அந்தக் கல்யாணத்தை அவமானமாக நினைத்தேன். அவள் பெயரில் வரும் எதுவும் என் வாசல் ஏறக் கூடாது என்று தெரிந்தே மறுத்தேன். அவளுக்கு எதுவும் தெரியாது.

எழுத்து கோணிவிட்டது. இரண்டாம் தடவை எழுதினேன்.

மார்ச் 18
ஆரப்பாளையத்தில் நோட்டரி சத்தமாக வாசித்தார். 'நாற்று நட்டவர்கள்' என்றதும் டைப் அடித்துக்கொண்டிருந்த பெண் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். பிறகு தன் வேலையைப் பார்த்தாள். நான் பட்டுச்சேலை கட்டிப் போயிருந்தேன். எதுக்கு அது? யாருக்குக் காட்ட?

ஜூன் 27
அப்பீலில் தாமதம் மன்னிக்கப்பட்டது. நீக்க ஆணை ரத்து. அவளை வேலையில் சேர்த்துக்கொண்டு, புதிதாக விசாரிக்க வேண்டுமாம். இன்னும் முடியவில்லை. ஆனால் இந்தத் தடவை அவள் சொல்வதைக் கேட்பார்கள்.

"உங்க வாக்குமூலத்த அப்படியே ஆர்டர்ல எடுத்துப் போட்டிருக்காங்கம்மா" என்றார் இம்மானுவேல், போனில். இனி அவள் அலுவலகத்தில் எல்லோரும் படிப்பார்கள். படிக்கட்டும்.

அவள் ஏதாவது சொன்னாளா என்று கேட்டேன். இல்லை என்றார்.

ஜூலை 1
பெற்ற மகளின் முகவரியை வக்கீலிடம் கேட்டு வாங்கினேன். பழங்காநத்தம். உறையின் மேல் மாப்பிள்ளை பெயரையும் எழுதினேன். இதுவரை என் பேனா எழுதாத பெயர். பதிவுத் தபாலில் அனுப்பினேன். நகல்:

'முத்துமீனாவுக்கும் சித்தார்த்துக்கும். நான் செய்தது தவறு. தெரிந்தே செய்தேன். வருகிற ஞாயிற்றுக்கிழமை உங்கள் வீட்டுக்குக் குழந்தையைப் பார்க்க வரலாமா? இந்த உறையை வாங்க மறுக்க உங்களுக்கு உரிமை உண்டு. வாங்கினால், வரலாம் என்றோ வரக் கூடாது என்றோ எழுத்தில் பதில் அனுப்புங்கள்.'