வேறொருவர் குரலில் நீ

உன் மகள் கேட்டாள் என்று நேற்றுக் காலை பழைய மைக் பெட்டியைத் திறந்தேன். மேலே கிடந்த மைக்கின் பஞ்சு உறையில் ஸ்பிரிட் கம் வாடை இன்னும் லேசாக அடித்தது. மீசை ஒட்டும் அந்தப் பசையை அப்பிக்கொண்டு, மைக்கை முட்டுகிற மாதிரி நின்றுதான் நீ வசனம் பேசுவாய். "தள்ளி நில்லு மாப்ள, மைக்கு இரையுது" என்று நான் சைகை காட்டினாலும் கேட்க மாட்டாய். பெட்டியை அடிவரை துழாவினேன். கேசட் ஒன்றும் இல்லை.

நீ இறந்து பதினைந்து வருஷம் ஆகிவிட்டது. அவள் வத்தலக்குண்டில் இருந்து போன் செய்தாள். "மாமா, டிவில அப்பா படம் போட்டான். 'இதான் தாத்தா கொரலா'ங்கிறான் எம் பையன். என்னத்தச் சொல்ல? அப்பா பேசுன கேசட்டு ஒண்ணாச்சும் தேடிப் பாருங்க." அவள் கல்யாண வீடியோவில்கூட நீ பேசுகிற இடமெல்லாம் சினிமாப் பாட்டைப் போட்டு நிரப்பி வைத்திருக்கிறான் அந்த வீடியோக்காரன்.

மைக் செட் வாடகைக்கு விட்டுப் பிழைத்தவன் நான். செம்பட்டி, நத்தம் என்று நீ மேடை ஏறிய ஊரிலெல்லாம் என் ஸ்பீக்கர் குழாயில்தான் உன் குரல் கேட்டது. அடுத்த திருவிழாவுக்கும் பேசத்தானே போகிறாய் என்று, ஒரு நாளும் பதிந்து வைக்கத் தோன்றவில்லை. என்னைப் போல் ஒரு மடையன் இந்தத் தொழிலில் இருக்க மாட்டான்.

ஆனால் நான் செய்தது அது மட்டும் இல்லை. உன்னிடம் சொல்லாததை இப்போது எழுதுகிறேன்.

சினிமாவில் அதுவரை கூட்டத்தில் நின்ற உனக்கு முதல்முறையாக ஒரு பெரிய வேஷம் கிடைத்தது. கதாநாயகியின் அப்பா, ஸ்டேஷன் மாஸ்டர். நடித்துவிட்டு வந்து, டப்பிங்குக்குக் கூப்பிடுவார்கள் என்று காத்திருந்தாய். உன் வீட்டில் போன் கிடையாது. என் கடை நம்பரைத்தான் கொடுத்திருந்தாய். சில நாள் கடையிலேயே உட்கார்ந்து வசனத்தைப் பேசிப் பேசிப் பார்ப்பாய். தினமும் மூன்று தடவை வந்து எட்டிப் பார்ப்பாய். "போன் வந்துச்சா மாப்ள?"

வந்தது. ஒரு காலையில் படக் கம்பெனி மேனேஜர் பேசினார். "நாளைக்கு அவர் சென்னையில இருக்கணும். இல்லேன்னா வேற ஆளை வச்சுப் பேசிடுவோம்." மறுநாள் நத்தம் பக்கம் நாடகம். நோட்டீஸில் உன் பெயர் கொட்டை எழுத்தில் அடித்திருந்தது. நீ வராவிட்டால் ஊர்க்காரர்கள் என் ஆம்ப்ளிஃபயரைப் பிடித்து வைத்துக்கொள்வார்கள் என்று எனக்கு நானே காரணம் சொல்லிக்கொண்டேன். உண்மை அது இல்லை. நீ சென்னைக்குப் போனால் திரும்ப மாட்டாய் என்ற பயம். பொறாமையும்தான். மத்தியானம் நீ வந்து கேட்டாய்.

"வரல மாப்ள," என்றேன்.

படம் வந்ததும் நாடகக்காரர்கள் எல்லோரும் உன்னோடு பகல் காட்சிக்குப் போனோம். திரையில் நீ வாயைத் திறந்தாய். யாரோ ஒருவனுடைய மழமழவென்ற குரல் வந்தது. பின்வரிசையில் ஒருவன், "ஏப்பா, யாருப்பா இது பேசுறது?" என்று சத்தமாகவே கேட்டான். வெளியே வந்ததும், "நல்லாத்தான் பேசிருக்கான்யா," என்றாய். எல்லோருக்கும் டீ சொன்னாய். டீக்குக் காசை நான் கொடுத்தேன்.

அதோடு முடியவில்லை. உன் முகத்துக்கு அந்தக் குரல்தான் பொருந்துகிறது என்று அடுத்த படத்திலும் அவனையே பேச வைத்தார்கள். அதற்கடுத்த படத்திலும். ஜட்ஜ், டாக்டர், ஏட்டு, தர்மகர்த்தா என்று வேஷம் வேஷமாகப் போட்டாய். ஒன்றில்கூட நீ பேசவில்லை. ஜனங்களுக்கு அவன் குரல் பழகிவிட்டது. கோயில் மேடையில் நீ சொந்தக் குரலில் பேசினால், "சினிமாக் கொரல்ல பேசுங்கண்ணே!" என்று கத்தினார்கள். அதற்கும் சிரித்தாய். நான் மைக் செட்டுக்குப் பின்னால் தலையைக் குனிந்துகொண்டேன்.

நேற்றுச் சாயங்காலம் உன் மகள் கடைக்கு வந்தாள். கேசட் இல்லை என்று சொல்லிவிட்டு, அந்தப் போன் விஷயத்தையும் சொல்லிவிட்டேன். எவ்வளவு திட்டினாலும் வாங்கிக்கொள்ளலாம் என்றுதான் இருந்தேன். அவள் மேஜையைத் தொட்டுக் காட்டினாள்.

"டப்பிங்குக்குன்னு அப்பா இங்கன ஒக்காந்துதான பேசிப் பேசிப் பாத்தாரு?"

"ஆமாத்தா."

"அப்ப எப்படிப் பேசுனாருன்னு உங்களுக்குத் தெரியும்ல. சொல்லுங்க."

முடியாது என்றேன். அவள் விடவில்லை. நம்பியவன் வராமல் போக, ரயிலடியில் தனியாக நிற்கிற மகளிடம் அப்பா சொல்கிற வசனம் அது. நீ முதல் பாதியைச் சொல்லிவிட்டு, மகள் முகத்தைப் பார்க்க முடியாதவனாகத் திரும்பி, ஒரு செருமல் செருமிவிட்டுத்தான் மீதியைச் சொல்வாய். நானும் திரும்பிக்கொண்டேன்.

"வண்டி போயிருச்சும்மா..." செருமினேன். "வா, வீட்டுக்குப் போவோம்."

என் தொண்டை கிழட்டுத் தொண்டை. நிறுத்திய இடம் மட்டும் உன்னுடையது மாப்ள. அதில் எனக்குச் சந்தேகம் இல்லை.

அவள் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். செல்போனை எடுத்து என் முன்னால் வைத்து, பதிவு செய்ய ஒரு பொத்தானை அமுக்கினாள்.

"இன்னொருக்காச் சொல்லுங்க மாமா," என்றாள்.