முதல் வரியிலேயே முட்டை

ஜெருசலேம்,
செவ்வாய், மத்தியானம்

அன்பு மகள் திர்சாவுக்கு,

அம்மா எழுதுவது. நீயும் மாப்பிள்ளையும் அந்த வெல்லிங்டன் காற்றில் பறந்துபோகாமல் சுகமாக இருக்கிறீர்களா. இங்கே நாங்கள் இருவரும் சுகம், அப்பாவின் முழங்கால் மட்டும் அவர் பேச்சைக் கேட்பதில்லை, அவர் என் பேச்சைக் கேட்பதில்லை, ஆக எல்லாம் வழக்கம்போல. ஹீட்டர் வாங்கினாயா. இங்கே வெயில் மண்டையைப் பிளக்கிறது, உனக்கு அங்கே குளிர் என்று நினைத்தாலே எனக்குக் குழப்பமாக இருக்கிறது, கம்பளிப் போர்வை அனுப்பட்டுமா என்று கடைக்காரனிடம் கேட்டால் என்னை மேலும் கீழும் பார்க்கிறான். போனில் சொல்லாமல் எழுதுகிறேனே என்று பார்க்காதே, போனில் சொன்னால் உன் அப்பா பக்கத்தில் வந்து நின்று ஒவ்வொரு வாக்கியத்தையும் திருத்துவார், விஷயமோ அவரைப் பற்றியது.

அப்பா நம் பழைய வேத விளக்க நூலான தல்மூதை இன்றைய எபிரேயத்தில் மொழிபெயர்க்கிறார் அல்லவா, பஸ் ஓட்டுகிறவரும் மளிகைக்கடைக்காரரும் படித்தால் புரிகிற மாதிரி. இந்த வருஷம் எடுத்துக்கொண்டது முட்டை என்றே பெயர் வைத்த பாகம். பண்டிகை நாளில் கோழி இட்ட முட்டையை அன்றைக்கே தின்னலாமா கூடாதா என்று ஆரம்பிக்கும், உனக்குத்தான் தெரியுமே. அந்தக் காலத்து இரண்டு குருமார் வழியில் ஷம்மாய் வீட்டார் என்றால் கறார், ஹில்லேல் வீட்டார் என்றால் தாராளம், இது இந்த ஊரில் பால்குடிப் பிள்ளைக்கும் தெரியும். அபூர்வமாகச் சில இடங்களில் அது தலைகீழாகும், இந்த முட்டை அதில் ஒன்று, இங்கே தின்னலாம் என்பவர் ஷம்மாய், கூடாது என்பவர் ஹில்லேல். உன் அப்பாவின் கை பழக்கதோஷத்தில் ஹில்லேலைத் தாராளமாக்கிவிட்டது. அதுவும் முதல் வரியிலேயே. பதிப்பகத்துப் பையன்கள் அந்தப் பக்கத்தைப் பெரிதாக அச்சடித்து, புத்தகம் விரைவில் வருகிறது என்று ஜெபக்கூட வாசலில் ஒட்டியும் விட்டார்கள்.

கண்டுபிடித்தது வேறு யார், மத்தித்யா மாமாதான். நீ பிறப்பதற்கு முன்பிருந்தே தினமும் காலையில் நம் சமையலறை மேஜையில் அப்பாவோடு உட்கார்ந்து, ஒரே பக்கத்தைப் படித்து, சூரியகாந்தி விதையைக் கொறித்துத் துப்பிக்கொண்டு சண்டை போடுகிற மனுஷன் அந்தக் காகிதத்தைப் பார்த்தால் சும்மா இருப்பாரா. சனிக்கிழமை தொழுகை முடிந்து எல்லோரும் ஹெர்ரிங் மீனும் விஸ்கியுமாக நிற்கும்போது அதைச் சத்தமாகப் படித்துக் காட்டி, பாருங்கய்யா, நம்ம எல்க்கானா முதல் வரியிலேயே முட்டை வாங்கிட்டாரு என்றாராம். கூடமே குலுங்கியிருக்கிறது. அப்பாவும் கூடச் சேர்ந்து சிரித்துவிட்டு வீட்டுக்கு வந்தார். நான் வேறு அன்றைக்குப் பார்த்து ராத்திரி முழுக்க அடுப்பில் வெந்த ஹமீன் குழம்பில் பழுப்பு முட்டைகள் போட்டிருந்தேன். மூடியைத் திறந்து பார்த்தார், பசியில்லை என்று போய்ப் படுத்துவிட்டார்.

ஞாயிற்றுக்கிழமை மாமா வரவில்லை. திங்கள் வரவில்லை. அந்த வாரம் முழுக்க வரவில்லை. அப்பா புத்தகங்களை அடுக்கி அலமாரியில் வைத்துப் பூட்டினார், முதல் வரியைச் சரியா எழுதத் தெரியாதவன் மிச்சத்தை எழுதி யாரைக் கெடுக்கிறது, வேற ஆளைப் பாருங்கன்னு பதிப்பகத்துல சொல்லிடப் போறேன் என்றார். நானும் கெஞ்சிப் பார்த்தேன், திட்டிப் பார்த்தேன். மனுஷன் வாரம் பூராவும் செய்தித்தாளில் விளம்பரம் உட்பட எல்லாவற்றையும் படித்தார். திர்சா, இந்த வீட்டில் இத்தனை அமைதியை நான் பார்த்ததில்லை, நிஜமாகவே பயந்துபோனேன். இந்த வேலையை விட்டால் இவர் என்ன ஆவார் என்று நினைக்கவே எனக்குத் தைரியம் இல்லை.

சந்தையில் மத்தித்யாவின் மனைவி சேராளைப் பிடித்தேன். உன் வீட்டுக்காரர் வாயை வெச்சுக்கிட்டுச் சும்மா இருக்கக் கூடாதா என்று கேட்டேன். அவள் என்னைவிட அழுகிறாள். அங்கே மாமா சாப்பிடுவதில்லையாம். நாலு பேர் முன்னால ஒருத்தன் முகத்தைச் சுண்ட வெச்சவன் அவன் ரத்தத்தைச் சிந்தினவன் மாதிரின்னு நானே ஊருக்கெல்லாம் பாடம் சொல்லிக்கொடுத்திருக்கேன், எந்த முகத்தோட அங்க போவேன் என்று புலம்புகிறாராம். படித்த மனுஷர்களைக் கட்டிக்கொண்டால் இதுதான் வினை, சண்டை போட்டால் சண்டையாக இருக்காது, ஆளுக்கொரு மேற்கோள் கிடைத்துவிடுகிறது.

நாங்கள் பேசி வைத்துக்கொண்டபடி இன்று காலை சேராள் என் பழைய பானையைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லி மாமாவை அனுப்பிவிட்டாள். அது என் பானையே இல்லை. நான் அதை வாங்கி வைத்து, புதினா போட்டு டீ ஊற்றி, இருவரையும் மேஜையில் எதிரெதிரே உட்கார வைத்தேன். மாமா, நீ சொல்லு எல்க்கானா என்றார். அப்பா, இல்ல நீதான் முதல்ல சொல்லணும் என்றார். நீ சொல்லு. நீ சொல்லு. எனக்கு முதலில் விளங்கவில்லை, பிறகுதான் உறைத்தது. ஹில்லேல் வீட்டார் ஏன் ஜெயித்தார்கள், எதிராளி பேச்சை முதலில் சொல்லிவிட்டுத்தானே தங்கள் பேச்சைச் சொன்னார்கள், அதனால் இந்த இரண்டு கிழங்களும் ஹில்லேல் ஆகப் பார்க்கிறார்கள். பணிவிலும் போட்டி. இப்படியே விட்டால் மெசியா வந்து கதவைத் தட்டினாலும் நீ திற, நீ திற என்று உட்கார்ந்திருப்பார்கள். டீ ஆறிப்போனதுதான் மிச்சம்.

எனக்குப் பொறுக்கவில்லை. பாத்திரம் தேய்த்துக்கொண்டே, இதுக்குப் போய் ரெண்டு வீட்டாரும் எதுக்கு அடிச்சுக்கணும், முட்டையை எடுத்து வெச்சு மறுநாள் தின்னுட்டுப் போக வேண்டியதுதானே என்றேன். தெரிந்தேதான் சொன்னேன். இருவரும் ஒரே நேரத்தில் என் பக்கம் திரும்பினார்கள். மறுநாள் ஓய்வுநாளா இருந்தா என்னடி பண்ணுவ என்று அப்பா. முதல்ல அது எந்தக் கோழின்னு கேளும்மா, அறுக்க வெச்ச கோழியா முட்டைக்கு வெச்ச கோழியா என்று மாமா. அப்பா மேஜையில் ஓங்கித் தட்டி, யோவ் குறுக்க பேசாத, அந்த இடத்தைத்தான் நான் மொழிபெயர்த்துக்கிட்டிருக்கேன் என்றார்.

மொழிபெயர்த்துக்கிட்டிருந்தேன் என்று சொல்லவில்லை, கவனித்தாயா. நான் குழாயை இன்னும் பெரிதாகத் திறந்துவிட்டுக்கொண்டு கொஞ்ச நேரம் அழுதேன்.

சரி, ஒன்று ஞாபகம் வைத்துக்கொள். அடுத்த முறை போன் பண்ணும்போது அப்பாவிடம் உடம்பு எப்படி என்று குழையாதே, அவர் சொல்வதற்கெல்லாம் ஆமாம் போடாதே, ஒரு எதிர்க்கேள்வியாவது கேள். வெள்ளிக்கிழமை சாயங்காலம் அவர் ஜன்னல் பக்கம் திரும்பி நின்று, சாராள், ரெபெக்காள், ராகேல், லேயாள் போல உன்னை ஆண்டவர் வைக்கட்டும் என்று உனக்காகச் சொல்கிறார், நியூசிலாந்து அந்தப் பக்கம்தானா என்று எங்கள் இருவருக்குமே தெரியாது, எப்படியும் வந்து சேரும். மாப்பிள்ளைக்கும் எங்கள் ஆசி. வயிற்றைக் காயப்போடாதே.

காலையில் ஆரம்பித்த சண்டை இன்னும் ஓயவில்லை, மேல் வீட்டுக்காரர் இரண்டு தடவை தரையைத் தட்டிவிட்டார். நான் கதவைச் சாத்தாமல்தான் உட்கார்ந்து எழுதுகிறேன்.

உன் அம்மா,
யோகெபேத்