மத்தி மீனுக்குள் மாத்திரை

அன்புள்ள மகளுக்கு,

அம்மா எழுதுவது. நாங்கள் நலம். நீ நலமாயிருக்க வேண்டும் என்பதைத் தவிர எனக்கு வேறு வேண்டுதல் இல்லை. போனில் பேசினால் அப்பா காதைத் தீட்டிக்கொண்டு பக்கத்திலேயே நிற்பார், அதனால்தான் கடிதம்.

உன் பூனைக்கு, அதாவது நம் வீட்டுத் துரைக்கு, மூன்றாவது ஊசி போட்டாயிற்று. குடலில் இருந்த புற்றுக்கட்டி சற்றுச் சுருங்கியிருக்கிறதாம். ஆனால் துரை இளைத்துக்கொண்டே போகிறார். கட்டி கரைவதற்குள் ஆள் கரைந்துவிடுவார் போலிருக்கிறது. சாப்பிட்டால்தான் அடுத்த ஊசியைத் தாங்குவார் என்கிறார் மிருக டாக்டரம்மா.

ஆரம்பத்திலேயே அந்த அம்மா, "புடிச்ச சாப்பாட்டுல மருந்தைக் கலந்துடாதீங்க, அப்புறம் அதையே வெறுத்துடும்" என்று படித்துப் படித்துச் சொன்னார். உன் அப்பா கேட்டால்தானே. பிள்ளைக்குக் கசக்குமே என்று மத்தி மீனைப் பிளந்து, உள்ளே மாத்திரையை வைத்துக் கொடுத்தார். துரை இரண்டு தடவை ஏமாந்தார். இப்போது மீன் டப்பாவைத் திறந்தாலே பீரோவுக்கு அடியில் போய்விடுகிறார். மீன் என்றால் உயிரை விடுகிறவர்.

கோழியை உப்பு, வெங்காயம், பூண்டு எதுவும் சேர்க்காமல் வேகவைத்து அரைத்து, வாசனை வரட்டும் என்று வெதுவெதுப்பாக வைத்துப் பார்த்தோம். முகர்ந்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொள்கிறார். எனக்கு என்றைக்காவது இப்படி ஆக்கிப்போட்டதுண்டா என்று கேட்டேன். அப்பா சிரிக்கக்கூட இல்லை.

நீ போனில் "சாப்பிட்டானா?" என்று கேட்டால் அப்பா "உள்ள போச்சும்மா" என்கிறாரே, கவனித்தாயா? சாப்பிட்டான் என்று சொல்வதில்லை. துண்டில் சுற்றி மடியில் இறுக்கிப் பிடித்து, அரைத்த கோழியைச் சிரிஞ்சால் கடைவாயில் விடுகிறார். பாதி அப்பா சட்டையில்தான். நேற்று அப்பாவின் காலடிச் சத்தம் கேட்டதுமே துரை நடுங்கினான். இத்தனை வருஷம் அந்தக் காலையே சுற்றிக் கிடந்தவன். அப்பா கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டு, துணி காயப்போடும் இடத்தில் போய் நின்றுகொண்டார். எனக்கு அழுகை வந்துவிட்டது.

டாக்டரம்மாவிடம் தனியாகக் கேட்டேன். ஊசியை நிறுத்திவிட்டு வலி தெரியாமல் பார்த்துக்கொள்ளலாம், ஆனால் அதிக நாள் இருக்காது என்றார். அப்பாவிடம் அதைச் சொன்னால், "நீ வர்ற வரைக்கும் பாத்துக்குறேன்னு புள்ளகிட்ட சொல்லியிருக்கேன்" என்று என் வாயை அடைத்துவிடுகிறார்.

உனக்கு லீவு கிடைக்க இன்னும் மாதக்கணக்கில் ஆகும். அதுவரை துரை இருக்க மாட்டான். நான் சொன்னால் கல்நெஞ்சுக்காரி ஆகிவிடுவேன். நீ கூப்பிட்டு, "போதும்ப்பா, விட்டுடுங்க" என்று ஒரு வார்த்தை சொல். அடுத்த ஊசிக்கு முன்னால் சொல். நாலு நாளாவது அவன் பயமில்லாமல் அப்பா மடியில் படுக்கட்டும்.

அப்படிச் சொல்வதால் உனக்கு ஒரு பாவமும் வராது. நேரத்துக்குச் சாப்பிடு என்று எழுத வந்தேன், கை ஓடவில்லை. பசித்தால் சாப்பிடு, கண்ணு.

உன்
அம்மா