கப்பல் படத்துக்கு நான் சொன்ன முடிவு

பங்குனி 3, வெள்ளி

காலையிலேயே அனல். மதராஸிலிருந்து பார்சலில் படப்பெட்டி வந்துவிட்டது. கும்மிடிப்பூண்டி டூரிங் கொட்டகைக்கு. இங்கிலீஷ் கப்பல் படம், உலகமே கொண்டாடுகிறதாம். கவரைப்பேட்டை ஸ்டேஷனில் டிக்கெட் கொடுத்து முடித்ததும் சாயங்காலம் அங்கே மைக் பிடித்துத் தமிழில் கதை சொல்வது என் வேலை.

கடைசி ரீல். மாலுமி மூழ்கிப் போகிறான். பெண்டாட்டி கரையில் நிற்கிறாள். கொட்டகை முதலாளி என் காதில், "சாவுன்னு சொல்லாதீங்க சார். நாளைக்கு ஒரு பய வரமாட்டான்."

சரியென்று, வேறு தேசத்துக் கப்பல் அவனைக் காப்பாற்றி ஜெயிலில் வைத்திருக்கிறது, ஒருநாள் வந்துவிடுவான் என்று சொன்னேன். விசில் ஓயவில்லை. எனக்கும் பெருமைதான்.

பங்குனி 5, ஞாயிறு

துவைக்கப் போட்ட சட்டை வரவில்லை.

கவுண்டரில் ஒரு பெண். பெயர் கன்னியம்மா. பழவேற்காடு பக்கத்துக் குப்பம்; இங்கே அக்கா வீட்டுக்கு வந்தவள். ஐப்பசிப் புயலில் கடலுக்குப் போன புருஷன் திரும்பவில்லை.

"படத்துக்குக் கதை சொன்னது நீங்கதான சார்? அது எந்த ஊரு ஜெயிலு?"

"அது படம்மா."

"பொய்யவா இம்மாம் பெருசா எடுப்பாங்க?"

ஹார்பரில் விசாரிக்க மதராஸுக்கு ஒரு டிக்கெட் கேட்டாள். கொடுத்தேன். படத்தில் அவன் செத்துத்தான் போகிறான் என்று அப்போதே சொல்லியிருக்கலாம். பின்னால் வரிசை நின்றது என்று எனக்கே ஒரு சாக்கு.

பங்குனி 7, செவ்வாய்

தலைவலி. கன்னியம்மாவின் கொழுந்தன் வந்தான்.

"அண்ணனுக்குக் காரியம் பண்ண நாள் பாத்துட்டோம் சார். இப்ப தாலிய கழட்ட மாட்டேன்னு சொல்லிக்கினு கீறா. புள்ளைங்களக்கூட பாக்கல, ஹார்பரே கதின்னு கெடக்கறா. மெய்யாலுமே படத்துல அந்தக் கப்பல்காரன் பொழச்சிக்கிறானா?"

"ஆமாம்" என்றேன். எப்படி வந்தது அந்த வார்த்தை!

அவன் கும்பிட்டுவிட்டுப் போனான்.

பங்குனி 9, வியாழன்

படத்துக்குக் கடைசி நாள். பெண்கள் பக்கம், மணல் தரையில் கன்னியம்மா. மறுபடியும்.

கடைசி ரீலில் மைக்கில் சொல்லிவிட்டேன். "மாலுமி செத்துட்டான். யாரும் காப்பாத்தல. இத்தனை நாள் நான் சொன்னது பொய்."

ஒரே கூச்சல். மண்ணை வாரி எறிந்தார்கள். முதலாளி மைக்கைப் பிடுங்கி, "இனிமே இந்தப் பக்கம் வராதீங்க" என்றார். கன்னியம்மா அசையவில்லை. திரையில் நின்ற அந்தப் பெண்ணையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

பங்குனி 10, வெள்ளி

காலை வண்டி லேட். கன்னியம்மா கவுண்டருக்கு வந்தாள். திட்டட்டும் என்று எழுந்து நின்றேன்.

"எனக்கு மொத நாளே தெரியும் சார். அந்த வெள்ளக்காரப் பொண்ணு நின்ன நிப்பப் பாத்தேனே. அதுக்கு பாஷ இன்னாத்துக்கு? நீங்க பொழச்சிக்கினான்னு சொன்னீங்களா, அதப் புடிச்சிக்கினேன்."

முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு அவளே சொன்னாள்.

"திங்கக்கெழம எங்க ஊட்டுக்காரருக்குக் காரியம். நீங்க வரணும்."

"நானா?"

"அவரு உசுரோட கீறாருன்னு சொன்னது நீங்க ஒருத்தர்தான் சார்."

லீவு எழுதிக் கொடுத்தாயிற்று. குப்பத்துக்கு எந்த பஸ் என்று விசாரிக்க வேண்டும்.